தாங்குகிற உயிரின் ஹக்கு



நம் கடைவீதியில் அடிக்கடி காதில் விழும் வார்த்தை ஒன்று உண்டு. ஊரிலிருந்து புதிதாக வந்த பையன் ரொட்டிக் கல்லின் முன்னே வியர்த்து விறுவிறுத்து நின்றால், முதலாளி சொல்வார்: “பழகிடும்.” மூட்டை தூக்குகிறவருக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டால், “பழகிடும்.” கடைக்குப் பின்னால் ஓடும் சாக்கடையில் நாள்தோறும் எண்ணெய்க் கசடைக் கொட்டிவிட்டு, “ஆறு தாங்கிக்கும்.” இந்த வார்த்தையில் முழுப் பொய் இல்லை. பழகிக்கொள்ளும் சக்தியைப் படைத்த நாயன் ஒவ்வோர் உயிருக்கும் கொடுத்தே அனுப்பியிருக்கிறான். ஆனால் அந்தச் சக்தி எதைக் கொண்டு வேலை செய்கிறது, அதற்கு யார் விலை கொடுக்கிறார், அதன் எல்லை எங்கே என்று நாம் விசாரிப்பதில்லை. கடனாகக் கிடைத்த சரக்கைப்போல எடுத்துச் செலவழித்துக்கொண்டே போகிறோம். அதைப் பற்றித்தான் இம்முறை பேச எண்ணினோம்.

நாம் ஓதியது மதரஸாவில். படித்தது ஆரம்பப் பள்ளிக்கூடத்தோடு சரி. ஆயினும் படைப்பைப் பார்த்துச் சிந்திப்பது பட்டம் பெற்றவர்களுக்கு மட்டும் ஏற்பட்ட கடமையல்லவே!

முதலில் ஒரு மரத்தைப் பார்ப்போம். பேரா மாநிலத்தில் தைப்பிங்கிலிருந்து கடலை நோக்கிப் போனால் கோலா செப்பத்தாங் வரும். முன்னே அதற்குப் போர்ட் வெல்ட் என்று பெயர். அங்கிருந்து தொடங்குகிறது மாத்தாங் கடற்கரைக் காடு, ஏறக்குறைய 40,000 ஹெக்டர். பாக்காவ் கரி என்று நாம் வாங்குகிறோமே, அதன் பிறப்பிடம் அதுதான். ஊர்ப்பக்கத்தில் பாக்காவைச் சுரபுன்னை என்பார்கள். அதே சேற்றில் கடலுக்கு முன்வரிசையில் நிற்பது அப்பி அப்பி மரம். நம் ஊரில் வெண்கண்டல். இந்த மரத்தின் விஞ்ஞானப் பெயரைக் கேட்டால் நம்மவர்களுக்கு ஒரு சந்தோஷம் உண்டாகும். அவிசென்னியா என்பது அதன் பெயர். 980-ல் பிறந்து 1037-ல் மறைந்த வைத்திய மேதை இப்னு ஸீனாவை ஐரோப்பியர் அவிசென்னா என்று அழைத்தார்கள். சுவீடன் தேசத்துத் தாவர அறிஞர் லின்னேயஸ் அவர் நினைவாக இம்மரத்துக்கு அப்பெயரை வைத்தார். உப்புச் சேற்றில் மூச்சுத் திணறி நிற்கும் ஒரு மரத்துக்கு ஒரு வைத்தியரின் பெயர் அமைந்தது பொருத்தம்தான்.

அந்த மரத்தின் கஷ்டம் சாதாரணக் கஷ்டமா? ஒரு லிட்டர் கடல்நீரில் சுமார் 35 கிராம் உப்பு இருக்கிறது. நம் வீட்டு முருங்கைக்கு அந்தத் தண்ணீரை ஒரு வாரம் ஊற்றினால் அது பட்டுப்போகும். உப்பு வேரிலிருந்து நீரை வெளியே இழுக்கும்; உள்ளே புகுந்தால் உயிரணுக்களின் வேலையைக் கெடுக்கும். வெண்கண்டலோ வாழ்நாள் முழுவதும் அதிலேதான் நிற்கிறது. எப்படி நிற்கிறது?

வேரின் வாசலிலேயே உப்பில் 90 சதவீதத்துக்கு மேல் தடுத்துவிடுகிறது. தடுத்தும் கொஞ்சம் உள்ளே வந்துவிடும். வந்ததை இலையிலுள்ள நுண்ணிய சுரப்பிகள் வெளியே தள்ளுகின்றன. வெயில் நேரத்தில் அந்த இலையைத் தடவிப் பார்த்தால் கையில் உப்புப் பொடி ஒட்டும். நாக்கில் வைத்தால் கரிக்கும். அப்படியும் மிஞ்சுகிற உப்பை ஒவ்வோர் உயிரணுவும் தன்னுள்ளே இருக்கிற ஒரு பைக்குள் போட்டுப் பூட்டி வைக்கிறது. கடையில் சேதமான சரக்கைப் பின்கட்டில் ஒதுக்கி வைப்பதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள். பைக்குள் உப்பு நிறைந்திருந்தால் உயிரணுவின் மற்றப் பகுதியிலிருந்து நீர் அந்தப் பக்கம் ஓடிவிடுமே? அதற்கும் ஏற்பாடு இருக்கிறது. கிளைசின் பீட்டேன் என்ற தீங்கற்ற பொருள் ஒன்றை அந்த உயிரணுவே தயாரித்து, வேலை நடக்கும் பகுதியில் நிரப்பி, தராசின் இரண்டு தட்டையும் சமமாக்கிக்கொள்கிறது. கண்ணுக்குத் தெரியாத ஓர் அணுவுக்குள்ளே இவ்வளவு கணக்கும் நிர்வாகமும்! ஸுப்ஹானல்லாஹ்.

மூச்சு விஷயமும் இருக்கிறது. அந்தச் சேற்றில் காற்று கிடையாது. ஆகையால் வேர்கள் கீழிருந்து மேல்நோக்கிப் பென்சில் பென்சிலாகக் கிளம்பி, நீர் வடிந்த நேரத்தில் காற்றை இழுத்துக் கீழே அனுப்புகின்றன.

சகோதரர்களே, வியப்பதோடு நிறுத்திக்கொள்கிறவர் பாதி வழியில் நின்றவர். நாம் வியாபாரிகள். ஒரு வேலை நடந்தால் அதற்குச் செலவு என்ன என்று கேட்கத் தெரிந்தவர்கள். இந்த மரத்திடமும் அதே கேள்வியைக் கேட்டுப் பார்ப்போம். உப்பை வெளியே தள்ள ஒவ்வொரு நிமிஷமும் சக்தி செலவாகிறது. பீட்டேன் தயாரிக்கத் தழைச்சத்து செலவாகிறது; அந்தத் தழைச்சத்து இலைக்கும் கிளைக்கும் போயிருக்க வேண்டியது. செலவு எங்கே தெரிகிறது என்றால், மரத்தின் உயரத்தில் தெரிகிறது. ஆற்று நீரும் கடல் நீரும் கலக்கும் இடத்தில் வெண்கண்டல் வீட்டுக் கூரைக்கு மேலே வளருகிறது. அதே இன மரம் செங்கடல் கரையிலும் இருக்கிறது. ஆறு வந்து சேராத, வெயில் கொளுத்தும், உப்பு மிகுந்த அந்தக் கரையில் பல இடங்களில் அது ஆள் உயரப் புதராகவே நின்றுவிடுகிறது. பார்க்கிறவர், “இங்கேயும் தாங்கி நிற்கிறதே!” என்பார். நிற்கிறது, உண்மை. வளரவில்லை. வளர்ச்சிக்கு வைத்திருந்த முதல் முழுவதும் தாங்குவதிலேயே கரைந்துபோயிற்று.

இதைக் கொஞ்சம் நிதானமாக யோசிக்கவேண்டும். பத்து வருஷம் ஒரே கடையில் நின்று, புதுத் தொழில் எதுவும் கற்காமல், சுகத்தையும் இழந்து ஊர் திரும்பும் ஆளைப் பார்த்து, “நல்ல பையன், பத்து வருஷம் தாங்கினான்” என்று நாம் பாராட்டுகிறோமே, அந்தப் பாராட்டில் எத்தனை அடி உயரம் கழிந்து போயிருக்கிறது என்று கணக்குப் பார்த்தவர் உண்டா?

தாங்குவதற்கு எல்லை உண்டு என்பதைப் பார்க்க நம் பூர்வீக பூமிக்கே போகலாம். பரங்கிப்பேட்டை நம்மில் பலருடைய முன்னோர் கப்பலேறிய துறை. அதன் பக்கத்திலே பிச்சாவரம் சதுப்புக் காடு. ஆங்கிலேயர் காலத்திலிருந்து பகுதி பகுதியாக அந்தக் காட்டை மொட்டையாக வெட்டினார்கள். மரம் போன இடத்தில் வெயில் நேராக விழுந்து மண் வற்றித் தாழ்ந்தது. தொட்டிபோலப் பள்ளம் விழுந்தது. ஏறி வந்த கடல்நீர் வடிந்து போக வழியின்றி அங்கேயே தேங்கிச் சுண்டியது. சுண்டச் சுண்ட, உப்பு கடலைவிடக் கூடிற்று. உப்புக்கென்றே படைக்கப்பட்டது என்று சொல்லத்தக்க மரமே அங்கே முளைக்க முடியாமல் போயிற்று. 1990-களில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தாரும் வனத்துறையாரும் கிராமத்து மக்களும் சேர்ந்து, மீன் முள் வடிவில் வாய்க்கால்கள் வெட்டி, கடல்நீர் வந்து வந்து போகும்படி செய்தார்கள். கன்றும் நட்டார்கள். காடு திரும்பி வந்தது.

அந்த மரத்துக்கு ஸப்ரு குறைந்துபோகவில்லை. தண்ணீர் வந்து போக வழிதான் இல்லாமல் இருந்தது. வழி திறந்தவுடன் அதே உப்புநீரில் அதே மரம் வளர்ந்தது. பொறுமையைப் பற்றி மற்றவர்களுக்கு உபதேசம் செய்யும்போதெல்லாம் இந்த வாய்க்காலை நாம் நினைத்துக்கொள்ள வேண்டும்.

மூச்சை அடைத்தாலோ, கதை இன்னும் சீக்கிரம் முடியும். 1991 வளைகுடாப் போரின்போது கடலில் கொட்டிய எண்ணெய் சவூதியின் கிழக்குக் கரையில் ஒதுங்கி, வெண்கண்டலின் மூச்சுவேர்கள்மேல் படிந்தது. எத்தனையோ காலமாக உப்பைச் சமாளித்த மரங்கள் பல இடங்களில் மாண்டன. உப்பைத் தாங்கத் தெரிந்தது என்பதால் எண்ணெயையும் தாங்கும் என்று ஆகாது. சாக்கடையில் கசடு கொட்டுகிற நம் சகோதரர்கள் இதைக் கவனிக்க. “ஆறு தாங்கிக்கும்” என்கிறோம். ஆறு எதைத் தாங்கக் கற்றது என்று நமக்கென்ன தெரியும்?

இனி உடலுக்கு வருவோம். மனித உடலில் சுமார் 30 லட்சம் கோடி உயிரணுக்கள் இருப்பதாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். வெப்பம் அதிகமானால் ஓர் உயிரணு என்ன செய்கிறது என்பது ஒரு தற்செயலால் வெளிப்பட்டது. இத்தாலிய விஞ்ஞானி ரித்தோஸா பழ ஈயின் உயிரணுக்களை ஆராய்ந்துகொண்டிருந்தார். ஆய்வுக்கூடத்தில் யாரோ அடைகாப்புப் பெட்டியின் சூட்டைக் கூட்டிவிட்டார்கள். மறுபடி பார்த்தபோது, அந்த உயிரணுக்களின் மரபு இழைகளில் முன்பு உறங்கிக் கிடந்த இடங்கள் விழித்து வீங்கியிருந்தன. 1962-ல் அவர் இதை வெளியிட்டார். அங்கே என்ன தயாராகிறது என்பது 1974-ல் மற்ற ஆராய்ச்சியாளர்களால் தெரிந்தது. சூட்டினால் கெடும் புரதங்களைக் காக்கும் வேறு புரதங்கள் அவை. கிருமி முதல் மனிதர் வரை எல்லா உயிரிலும் இந்த ஏற்பாடு இருக்கக் கண்டார்கள்.

முட்டையின் வெள்ளை சூடு பட்டதும் எப்படி இறுகிக் கட்டியாகிறது? அதுதான் புரதம் கெடுவது. நம் உடலுக்குள்ளும், அவ்வளவு கடுமையாக இல்லாவிட்டாலும், புரதம் தன் மடிப்புக் குலைந்து ஒன்றோடொன்று ஒட்டத் தொடங்கும். உடனே உயிரணு வழக்கமான உற்பத்தியைப் பெரும்பாலும் நிறுத்திவிடுகிறது. மழைக்காலத்தில் கடைக்குள் வெள்ளம் புகுந்தால் நாம் என்ன செய்வோம்? வியாபாரத்தை நிறுத்திவிட்டு, எல்லாக் கைகளும் சேர்ந்து அரிசி மூட்டையைப் பரண்மேல் ஏற்றுவோம் அல்லவா? அப்படியே காவல் புரதங்கள் குலைந்தவற்றைத் தாங்கிப் பிடித்து மடித்துச் சரிசெய்கின்றன. சரிப்படாதவற்றுக்கு அடையாளம் இட்டு உடைத்துப்போட வேறோர் ஏற்பாடு இருக்கிறது. அதைக் கண்டவர்களுக்கு 2004-ல் நோபல் பரிசு கிடைத்தது. சேதம் எல்லை மீறினால், பக்கத்து உயிரணுக்களுக்குத் தொல்லை வராதபடி அந்த உயிரணு தன்னைத் தானே ஒழுங்காகச் சுருட்டிக்கொண்டு மாய்கிறது.

இதில் வியாபாரிகள் பிடித்துக்கொள்ள வேண்டிய இடம் ஒன்று உண்டு. முதலில் மிதமான சூடு கொடுத்து, ஓய்வு விட்டு, பிறகு கடுஞ்சூடு கொடுத்தால் அந்த உயிரணு பிழைக்கிறது. எடுத்த எடுப்பில் கடுஞ்சூடு கொடுத்தால் மாய்கிறது. ஓய்வே விடாமல் சூட்டிலேயே வைத்தாலும் மாய்கிறது. ஆகவே கஷ்டம் பலம் தரும் என்பது பாதிப் பேச்சு. அளவும் இடைவெளியும் உள்ள கஷ்டமே பலம் தருகிறது.

நம் மார்க்கத்தில் நோன்பு எப்படி அமைந்திருக்கிறது, பாருங்கள். பகலெல்லாம் பசி, ஆனால் அதற்கு ஒரு ஸஹர் உண்டு, மஃரிப் பாங்கு என்ற முடிவும் உண்டு. இரவு பகலாய்த் தொடர்ந்து பட்டினி கிட என்ற ஏவல் இல்லை. நோயாளிக்கும் பிரயாணிக்கும் சலுகை இருக்கிறது. சுமையோடு எல்லையும் சேர்ந்தே வந்திருக்கிறது. இந்த இடத்தில் ஒரு வார்த்தை. பசியில் உயிரணு தன் பழைய கழிவுகளைத் தானே உண்டு சுத்தம் செய்கிறது என்று ஈஸ்ட் நுண்ணுயிரில் ஆராய்ந்த ஜப்பானியர் ஓசுமி அவர்களுக்கு 2016-ல் நோபல் பரிசு கொடுத்தார்கள். அன்றிலிருந்து நம்மவர்களில் சிலர், “நோன்பை விஞ்ஞானம் நிரூபித்துவிட்டது” என்று மிம்பர் வரை கொண்டு போகிறார்கள். அவர் ஆராய்ந்தது ரமளான் நோன்பை அல்ல. நோன்புக்கு ஸ்டாக்ஹோமிலிருந்து சான்றிதழ் வரவேண்டிய அவசியமும் இல்லை. வேண்டாத பெருமை பின்னால் சங்கடத்தில் விடும்.

மனித உடலும் வெப்பத்துக்குப் பழகத்தான் செய்கிறது. ஒரு வாரத்திலிருந்து இரண்டு வாரம் பிடிக்கும். அதற்குள் வியர்வை சீக்கிரமாகவும் அதிகமாகவும் வரத் தொடங்கும். வியர்வையில் போகும் உப்பு குறையும். இரத்தத்தில் நீர்ப்பகுதி கூடும். இருதயத்தின் படபடப்புத் தணியும். அந்த இரண்டு வாரத்துக்கு முன்னேதான் ஆபத்து. அமெரிக்காவில் வேலையிடத்தில் வெப்பத்தால் மாண்டவர்களின் விவரங்களைப் பார்த்தவர்கள், பெரும்பாலோர் வேலைக்கு வந்த முதல் சில நாட்களிலேயே மாண்டதைக் கண்டிருக்கிறார்கள். விட்டுப்போனால் இந்தப் பழக்கம் சில வாரங்களில் கரைந்தும் போகும். ஊருக்குப் போய் இரண்டு மாதம் இருந்துவிட்டு வருகிற பழைய ஆளும் ரொட்டிக் கல்லுக்கு முன்னே புதியவரே. “பதினைந்து வருஷம் நின்ற ஆள், அவருக்கென்ன?” என்பது தவறான கணக்கு.

நன்றாகப் பழகியவருக்கும் எல்லை இருக்கிறது. நிக்கராகுவா, எல் சால்வடோர் நாடுகளில் கரும்பு வெட்டும் வாலிபர்கள் நூற்றுக்கணக்கில் அல்ல, ஆயிரக்கணக்கில் சிறுநீரகம் கெட்டு மாண்டிருக்கிறார்கள். அவர்களுக்குச் சர்க்கரை நோயும் இல்லை, இரத்தக் கொதிப்பும் இல்லை. அந்த வெயிலிலேயே பிறந்து வளர்ந்தவர்கள். நாள்தோறும் கடும் வெப்பத்தில், தண்ணீர் போதாமல், கடினமாக உழைப்பதே முக்கியக் காரணமென்று ஆராய்ச்சியாளர் பலர் கருதுகிறார்கள். தண்ணீரும் நிழலும் கூடுதல் ஓய்வும் கொடுத்த இடத்தில் சிறுநீரகச் சேதம் குறைந்ததையும் கண்டிருக்கிறார்கள். பிச்சாவரத்தில் வாய்க்கால் வெட்டிய காரியம்தான் இதுவும்.

இங்கே நம்மில் சிலர் ஒரு வாதம் செய்வார்கள். சக்திக்கு மீறிய சுமையை இறைவன் எவர்மீதும் சுமத்துவதில்லை என்பது நம் எல்லோருடைய நம்பிக்கை. அதை எடுத்து, “ஆகவே அந்தப் பையனால் முடியும்” என்று முடிக்கிறார்கள். சகோதரர்களே, அது இறைவன் தன் அடியார்களிடம் நடந்துகொள்ளும் முறை. இரவு ஒரு மணிக்குக் கடை சாத்தி, காலை ஆறு மணிக்குக் கதவைத் தட்டுவது இறைவன் போட்ட சுமை அல்ல, நாம் போட்டது. நம் சுமையை அவன்மீது எழுதிவைப்பது எவ்வளவு பெரிய துணிச்சல்! ஏவலாளுக்குத் தாங்க முடியாத வேலையைக் கொடுக்கலாகாது, கொடுக்க நேர்ந்தால் நாமும் கூட நின்று கை கொடுக்க வேண்டும் என்பதும் மதரஸாவில் சிறு பிள்ளையாக இருக்கும்போதே நமக்குச் சொல்லித் தந்த பாடமல்லவா? ஸப்ரு என்பது அவர் தமக்குத் தாமே பூணவேண்டிய குணம். அவரிடமிருந்து நாம் வசூலிக்கிற பாக்கி அல்ல. அவருடைய உடம்பு நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானத்து. ஊரில் அவருடைய தாயார் நம்மை நம்பித்தான் கப்பலுக்கும் விமானத்துக்கும் அனுப்பி வைத்தார்.

லாபம் குறையும் என்கிற சகோதரருக்கு மாத்தாங் காட்டையே திரும்பக் காட்டுகிறோம். அங்கே நூறு வருஷத்துக்கு மேலாக மரம் வெட்டி விற்கிறார்கள், கரி நின்றபாடில்லை. காரணம், வெட்டிய இடத்தை முப்பது வருஷம் வளரவிட்டுத்தான் மறுபடி அரிவாள் வைப்பது என்ற திட்டம். பிச்சாவரத்தில் வெட்டியதும் வியாபாரம்தான், மாத்தாங்கில் வெட்டுவதும் வியாபாரம்தான்.

காரியத்துக்கு வருவோம். மலேசியாவில் 2023 ஜனவரி முதல் வாரத்துக்கு 45 மணி நேரம் என்று சட்டம் வேலை நேரத்தைக் குறைத்திருக்கிறது, சிங்கப்பூரில் 44. வாரத்தில் ஒரு நாள் ஓய்வு இரண்டு நாட்டிலும் உண்டு. அதற்கு மேல் அடுப்படிக்கென்று தனியாகச் சிலவற்றை நம் சங்கத்தார் பேசி முடிவு செய்யலாம் என்பது எமது அபிப்பிராயம். வெப்பத்தில் புதிதாக நிறுத்தப்படும் ஆளுக்கு முதல் நாள் முழு வேலையில் ஐந்தில் ஒரு பங்கு, பிறகு நாளுக்கு ஐந்தில் ஒரு பங்காகக் கூட்டி ஐந்தாம் நாளில் முழு வேலை என்று அமெரிக்கத் தொழில் சுகாதாரத் துறையார் முறை வகுத்திருக்கிறார்கள். விடுப்பு முடிந்து வரும் பழைய ஆளுக்கு முதல் நாள் பாதி, பிறகு ஐந்தில் மூன்று, ஐந்தில் நான்கு, நான்காம் நாள் முழுவதும். ரொட்டிக் கல்லிலும் குழம்புச் சட்டியிலும் நிற்கிறவருக்கு முதல் சில நாள் வெளி மேஜை வேலையை இடையிடையே மாற்றிக் கொடுத்தால் இது நடந்துவிடும். ஒரு வெள்ளிகூட நஷ்டமில்லை. கைக்கு எட்டும் இடத்தில் குடிதண்ணீர். தே தாரிக் கணக்கில் சேராது, வெறும் தண்ணீர். காற்று வெளியேற ஒரு விசிறி. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் போய்வந்தவரை நேரே அடுப்புக்கு அனுப்பாமல், சோறு தின்று கொஞ்சம் உட்கார விடுதல்.

நோன்பு மாதம் வருவதற்கு முன் இதைப் பேசிவிடுவது நல்லது. ரமளானில் பகலில் தண்ணீரின்றி அடுப்பில் நிற்கிறவர், மாலை நான்கு மணிக்குப் பசார் ரமளான் கூட்டம் தொடங்கும்போதுதான் மிகவும் களைத்திருப்பார். அந்த நேரத்துக் கல்லுக்கு முறை வைத்து ஆள் மாற்றுவது எப்படி என்று, இரண்டு மூன்று கிளை வைத்திருக்கும் சகோதரர்கள் அடுத்த கூட்டத்துக்கு ஒரு பட்டியல் எழுதிக்கொண்டு வந்தால், ஒரு கடை வைத்திருக்கிறவர்களும் அதைப் பார்த்துத் தங்களுக்கு ஏற்றபடி செய்துகொள்வார்கள்.

வஸ்ஸலாம்.